தமிழர் வீட்டு அலமாரியில் பத்தும் ஒன்றும்

வெளி மாநிலத்துக்குப் பிழைக்க வந்த தமிழன் முதலில் தேடுவது தலை சாய்க்க ஓர் இடம். அடுத்தது ரேஷன் கார்டு. அதற்கடுத்தது பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம். அண்டா, கட்டில், பீரோ, டெலிவிஷன் பெட்டி எல்லாம் தவணையிலாவது ஒவ்வொன்றாக வந்து சேர்ந்து விடும். புத்தகத்துக்கு மட்டும் அந்த வரிசையில் கடைசி வரை முறை வருவதில்லை.

இதனால் என்ன நஷ்டம் என்று கேட்கலாம். பெங்களூரில் தமிழர் குடியிருக்கும் தெருக்களில் நடந்து பார்த்தால் விடை கிடைக்கும். முதல் தலைமுறை காலையில் தமிழ்ப் பேப்பரைப் புரட்டுகிறது. இரண்டாம் தலைமுறை எழுத்துக் கூட்டிக் கடைப் பலகையைப் படிக்கிறது. மூன்றாம் தலைமுறைக்குத் தமிழ் காதில் மட்டுமே இருக்கிறது. கல்யாணப் பத்திரிகையில் தன் பெயர் எந்த வரியில் அச்சாகியிருக்கிறது என்று பாட்டியைக் கேட்கும் பேரன்கள் நம் வீடுகளில் இருக்கிறார்கள். பேச்சு மொழியைத் தாய் காப்பாற்றி விடுவாள். எழுத்தைக் காப்பாற்ற வீட்டில் நாலு புத்தகம் வேண்டும்.

அந்த நாலு புத்தகம் எவை என்பதில்தான் சிக்கல். புத்தகக் கண்காட்சிக்குப் போனால் மலை போல் குவித்து வைத்திருக்கிறார்கள். எதை எடுப்பது என்று தெரியாமல் சமையல் குறிப்பும் ராசி பலனும் வாங்கிக் கொண்டு திரும்புகிறோம். பத்தாவதோடு படிப்பை முடித்துக்கொண்டு ரயில்வேயில் குமாஸ்தாவாக இருப்பவன் நான். பெரிய ஆராய்ச்சி செய்து தேர்ந்தெடுத்த பட்டியல் இதுவல்ல. டூட்டி முடிந்த நேரத்திலும், ரயில் காத்திருந்த நேரத்திலும் படித்தவற்றில், நம்மைப் போல ஊர் விட்டு ஊர் வந்தவர்களுக்கு ஏதாவது சொல்கிற நூல்களை மட்டும் எடுத்து வைக்கிறேன். வாழ்க்கை வரலாறு, சரித்திரம், நாவல் மூன்றும் கலந்த பட்டியல் இது.

கல்கியின் "பொன்னியின் செல்வன்" இதில் இல்லையே என்று சிலர் கேட்பார்கள். 1950 முதல் 1954 வரை வாரா வாரம் வெளியாகி, 2022-லும் 2023-லும் சினிமாவாகவும் வந்து விட்ட அந்தக் கதைக்கு என் சிபாரிசு தேவையில்லை. அது ஏற்கெனவே உங்கள் வீட்டில் இருக்கும்.

கல்விக்காக ஊர் மாறிய குடும்பம்

முதல் புத்தகம், டாக்டர் உ.வே. சாமிநாதையரின் "என் சரித்திரம்". 1940-ல் ஆனந்த விகடனில் தொடராக வரத் தொடங்கி, 1942-ல் அவர் மறைந்ததால் முற்றுப் பெறாமல் நின்று போனது. 1950-ல் நூலாக வந்தது.

பெயரைக் கேட்டதும் இது புலவர்களுக்கு உரியது என்று பலர் ஒதுங்கி விடுகிறார்கள். உண்மையில் இது ஓர் ஏழைக் குடும்பத்தின் கதை. தகப்பனார் சங்கீதமும் கதாகாலட்சேபமும் செய்து பிழைப்பவர். மகனுக்குத் தமிழ் சொல்லித் தர நல்ல ஆசிரியர் எந்த ஊரில் இருக்கிறார் என்று கேட்டு, அரியலூர், குன்னம், கார்குடி என்று குடும்பத்தையே தூக்கிக் கொண்டு அலைகிறார். கடைசியில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் மகனைக் கொண்டு சேர்க்கிறார். அந்த அலைச்சலின் பலன்தான், செல்லரித்துக் கிடந்த ஏடுகளிலிருந்து 1887-ல் அச்சேறிய "சீவக சிந்தாமணி". பிறகு பத்துப்பாட்டும் சிலப்பதிகாரமும் புறநானூறும் வந்தன.

பிள்ளையின் படிப்புக்காகச் சொந்த ஊரை விட்டு வந்த பெற்றோர் நம்மில் ஏராளம். இந்தப் புத்தகத்தின் முதல் நூறு பக்கங்களைப் படித்தால் தங்களையே பார்ப்பது போல் இருக்கும். நடையும் கடினமில்லை. திண்ணையில் உட்கார்ந்து தாத்தா சொல்வது போலப் போகும்.

மூன்றாம் வகுப்புப் படித்தவர் எழுதியது

இரண்டாவது, ம.பொ. சிவஞானம் எழுதிய "கப்பலோட்டிய தமிழன்". வ.உ. சிதம்பரம் பிள்ளையின் வரலாறு. 1906-ல் தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் கம்பெனி தொடங்கி, 1908-ல் சிறை சென்று, கோயம்புத்தூர்ச் சிறையில் செக்கிழுத்தவர் என்று பள்ளிப் புத்தகத்தில் படித்திருப்போம். 1912-ல் விடுதலையான பிறகு அவர் இருபத்து நாலு ஆண்டுகள் வாழ்ந்தார் என்பதையும், அந்தக் காலம் முழுவதும் வறுமையோடு போராடினார் என்பதையும் பலர் அறிய மாட்டார்கள். தியாகம் செய்தவனை ஊர் எவ்வளவு சீக்கிரம் மறக்கும் என்பதற்கு இதை விடப் பெரிய பாடம் கிடையாது.

எழுதிய ம.பொ.சி. மூன்றாம் வகுப்புக்கு மேல் படிக்காதவர். அச்சகத்தில் எழுத்துக் கோத்துப் பிழைத்தவர். படிப்பில்லை என்று தாழ்வாக நினைக்கும் நம் தொழிலாளத் தோழர்களுக்கு இது ஒன்றே ஊக்கம். 1961-ல் வந்த படத்தை டைரக்ட் செய்த பி.ஆர். பந்துலு கன்னட மண்ணைச் சேர்ந்தவர் என்பது இங்கே வாழும் நமக்குக் கூடுதல் மகிழ்ச்சி.

இரண்டு பெண்கள்

மூன்றாவது, ராஜம் கிருஷ்ணனின் "பாதையில் பதிந்த அடிகள்". இது நாவலின் வடிவில் உள்ள வாழ்க்கை வரலாறு. கதாநாயகி மணலூர் மணியம்மாள், கற்பனைப் பாத்திரமல்ல. தஞ்சை மண்ணில் வாழ்ந்தவர். இளம் வயதில் விதவையாகி, முடியை வெட்டிக் கொண்டு, ஆண்களைப் போல் வேட்டியும் சட்டையும் அணிந்து, பண்ணையாட்களின் கூலிக்காகப் போராடியவர். அவரைப் பற்றி எழுதி வைத்தவர்கள் அதிகம் இல்லாததால், அவரை நேரில் அறிந்தவர்களைத் தேடிச் சென்று விசாரித்து ராஜம் கிருஷ்ணன் இதை எழுதினார். உப்பளத் தொழிலாளர் கதையான "கரிப்பு மணிகள்" நாவலையும் அவர் அப்படித்தான் நேரில் பார்த்து எழுதினார்.

நான்காவது, பாமாவின் "கருக்கு". 1992-ல் வந்தது. தலித் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்த ஒரு பெண், தன் தெருவையும் பள்ளியையும் பின்னர் தான் சேர்ந்து விலகிய கன்னியர் மடத்தையும் பற்றிப் பேச்சு வழக்கிலேயே எழுதிய சுயசரிதை. பனை மட்டையின் ஓரத்தில் ரம்பம் போல் இருப்பதுதான் கருக்கு. புத்தகமும் அப்படித்தான்; அறுக்கும். சிறிய புத்தகம், ஒரே நாளில் முடித்து விடலாம். ஊரை விட்டு வந்த பலர் ஊரை நினைத்து ஏங்குகிறோம். அந்த ஊரில் எல்லோருக்கும் ஒரே மாதிரி இடம் இருந்ததா என்று இந்தப் புத்தகம் கேட்கிறது. அந்தக் கேள்வி நம் பிள்ளைகளின் காதிலும் விழ வேண்டும்.

துபாஷின் டைரி

இனி சரித்திரம். ஐந்தாவது நூல், ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு. 1709-ல் சென்னைப் பெரம்பூரில் பிறந்து, புதுச்சேரிக்குப் பிழைக்கப் போய், பிரெஞ்சு கவர்னர் டூப்ளேயின் துபாஷாக உயர்ந்தவர். 1736 முதல் 1761 வரை இருபத்தைந்து ஆண்டுகள் டைரி எழுதினார். எந்தக் கப்பல் வந்தது, என்ன சரக்கு இறங்கியது, கவர்னர் என்ன சொன்னார், கவர்னரின் மனைவி என்ன சூழ்ச்சி செய்தாள், ஊரில் யார் வீட்டில் என்ன நடந்தது என்று ஒன்று விடாமல் குறித்து வைத்தார். 1761 ஜனவரியில் அவர் இறந்த சில நாள்களிலேயே புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போயிற்று.

ராஜாக்களின் சரித்திரத்தைப் புலவர்கள் எழுதினார்கள். இது ஆபீசில் வேலை பார்த்த ஒருவர் தமக்காக எழுதி வைத்த சரித்திரம். சரக்கும் பில்லும் பார்த்தே பொழுது போகும் எங்களைப் போன்ற குமாஸ்தாக்களுக்கு இதில் தனி ருசி உண்டு. மேலதிகாரியின் முகக்குறி பார்த்துப் பேசும் கலை அன்றும் இருந்திருக்கிறது! பல தொகுதிகள் கொண்ட நூல் இது. முழுவதும் படிக்க முடியாதவர்கள் ஒரே ஒரு தொகுதியை எடுத்து, நாளுக்கு இரண்டு பக்கம் படித்தால் போதும்.

தொம்லூரில் தமிழ்க் கல்வெட்டு

ஆறாவது, கே.ஏ. நீலகண்ட சாஸ்திரியின் "சோழர்கள்". 1930-களில் ஆங்கிலத்தில் வந்த இந்நூலுக்குத் தமிழ் மொழிபெயர்ப்பு உண்டு. சாஸ்திரியார் திருநெல்வேலிச் சீமைக்காரர். 1950-களில் மைசூர்ப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர்.

இது நாவல் போல் ஓடாது. கல்வெட்டுச் சான்று காட்டி, நிதானமாக எழுதியது. ஆனாலும் பெங்களூர்த் தமிழர் இதைப் படிக்க ஒரு காரணம் இருக்கிறது. சோழர்கள் 11-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தலக்காட்டைப் பிடித்து, கங்கர் நாட்டை நூறு ஆண்டுகளுக்கு மேல் ஆண்டார்கள். சுமார் 1116-ல் ஹொய்சள மன்னன் விஷ்ணுவர்த்தனன் அவர்களைத் தோற்கடித்துத் தலக்காட்டை மீட்டான். அந்தக் காலத்தின் தடயங்கள் கோலார் கோலாரம்மா கோயிலில் தமிழ்க் கல்வெட்டுகளாக இன்றும் இருக்கின்றன. பெங்களூருக்குள்ளேயே தொம்லூர் சொக்கநாதசுவாமி கோயில் சுவரிலும் தமிழ் எழுத்து இருக்கிறது. பஸ்ஸில் அந்த வழியாகத் தினமும் போகிறவர்கள் எத்தனை பேர் இறங்கிப் பார்த்திருக்கிறோம்?

இதைச் சொல்வது உரிமை கொண்டாட அல்ல. சோழன் வென்றதையும், பிறகு தோற்றதையும் சாஸ்திரியார் ஒரே குரலில் எழுதுகிறார். சரித்திரம் படிப்பதன் பயனே அந்தச் சமநிலைதான். வென்ற பக்கத்தை மட்டும் படிக்கிறவன் வம்புக்குத்தான் போவான்.

ஆற்றோடு ஒரு நடை

ஏழாவது, தி. ஜானகிராமனும் சிட்டியும் சேர்ந்து எழுதிய "நடந்தாய் வாழி காவேரி". 1971-ல் வந்த பயண நூல். குடகில் தலைக்காவேரி தொடங்கிக் கடலில் கலக்கும் பூம்புகார் வரை ஆற்றைப் பின்தொடர்ந்து போகிறார்கள். கோயில், சாப்பாடு, சங்கீதம், வழியில் சந்தித்த மனிதர்கள் எல்லாம் வருகிறது. இதை ஓர் ஆற்றின் வாழ்க்கை வரலாறு என்றே நான் சொல்வேன்.

காவேரி என்றாலே இரு மாநிலத்துக்கும் ரத்தக் கொதிப்பு ஏறி விடுகிறது. 1991-ல் இந்த ஊரில் நடந்த கலவரத்தை நேரில் பார்த்தவர்கள் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். அந்த ஆற்றை டி.எம்.சி. கணக்காகப் பார்க்காமல், அதன் இரு கரையிலும் வாழும் மனிதர்களாகப் பார்த்த புத்தகம் இது. பெங்களூர்த் தமிழர் குழாயில் பிடிக்கும் குடிநீரும் காவேரிதான் என்பதை நினைவில் வைத்துக்கொண்டு படிக்க வேண்டும்.

ரயில்வே குவார்ட்டர்ஸ் நாவல்

எட்டாவது, அசோகமித்திரனின் "பதினெட்டாவது அட்சக்கோடு". 1977-ல் வந்தது. 1931-ல் செகந்திராபாத்தில் பிறந்து வளர்ந்த அசோகமித்திரன், தான் வளர்ந்த ஊரையே களமாக வைத்து எழுதிய நாவல். கதாநாயகன் சந்திரசேகரன் ரயில்வே ஊழியரின் பிள்ளை. குவார்ட்டர்ஸில் வாசம். கிரிக்கெட், காலேஜ், வீட்டு மாடு என்று போகிற வாழ்க்கை. வெளியே நிஜாம் ஆட்சி ஆட்டம் காண்கிறது. 1948 செப்டம்பரில் இந்திய ராணுவம் நுழைகிறது. தெலுங்கும் உருதும் பேசும் ஊரில், தமிழ்ப் பையன் யார் பக்கம் நிற்பது?

வெளி மாநிலத்தில் வாழும் தமிழர் கதை என்று ஒன்றே ஒன்றைச் சொல்லச் சொன்னால் இதைத்தான் சொல்வேன். கலவர நேரத்தில் பக்கத்து வீட்டுக்காரன் திடீரென்று அந்நியனாகி விடுவதை இவ்வளவு அடங்கிய குரலில் யாரும் எழுதவில்லை. கடைசி அத்தியாயத்தைப் படித்து முடித்ததும் புத்தகத்தை மூடி வைத்து விட்டுச் சற்று நேரம் யாரோடும் பேசத் தோன்றாது.

கூலியாகப் போனவர்கள்

ஒன்பதாவது, "எரியும் பனிக்காடு". ஆனைமலைத் தேயிலைத் தோட்டங்களில் டாக்டராக இருந்த பி.எச். டேனியல், அங்கே தொழிலாளர்களிடம் கேட்டறிந்ததை வைத்து ஆங்கிலத்தில் 1969-ல் வெளியிட்ட நாவல். இரா. முருகவேள் தமிழாக்கம் செய்தார். 2013-ல் வந்த "பரதேசி" படத்துக்கு இதுவே ஆதாரம். திருநெல்வேலிச் சீமையிலிருந்து கங்காணி பேச்சை நம்பி மலையேறும் ஒரு கணவன் மனைவி, முன்பணம் என்ற கண்ணியில் மாட்டிக்கொண்டு, கடன் தீர்ந்து ஊர் திரும்பும் நாளை எண்ணி எண்ணிக் காத்திருக்கிறார்கள்.

கோலார் தங்க வயலில் பாட்டன் காலத்திலிருந்து வாழும் குடும்பங்களுக்கு இந்தக் கதை புதிதாக இருக்காது. பூமிக்கடியில் இரண்டு மைல் ஆழத்தில் வேலை செய்தவர்கள் அவர்கள். 2001 பிப்ரவரி 28-ல் சுரங்கம் மூடப்பட்ட பிறகு, அவர்களின் பிள்ளைகள் விடியற்காலையில் மாரிக்குப்பம் ரயில் ஏறிப் பெங்களூருக்கு வேலைக்கு வந்து, இரவு வீடு திரும்புகிறார்கள். அந்த ரயிலில் போக இரண்டு மணி, வர இரண்டு மணி. சீட்டு விளையாடுகிறவர்கள் விளையாடட்டும். ஒரு பெட்டியில் ஒருவர் இந்தப் புத்தகத்தை உரக்கப் படித்தால், சுற்றி இருக்கும் பத்துப் பேர் காது கொடுப்பார்கள்.

பத்தாவது, ப. சிங்காரத்தின் "புயலிலே ஒரு தோணி". சிங்கம்புணரியில் பிறந்து, இளம் வயதில் கடல் கடந்து மேடானில் வேலை பார்த்து, யுத்தம் முடிந்து திரும்பி, தினத்தந்தியின் மதுரை அலுவலகத்தில் பணியாற்றியவர் சிங்காரம். வெளியிட ஆள் கிடைக்காமல் பல ஆண்டுகள் கையெழுத்துப் பிரதியாகவே கிடந்து, 1972-ல் அச்சானது. ஜப்பான் ஆக்கிரமிப்பில் மேடானும் பினாங்கும், வட்டிக்கடைத் தமிழர்கள், நேதாஜியின் படை என்று விரிகிறது கதை. ஆரம்பம் சற்றுக் கரடுமுரடாக இருக்கும். ஐம்பது பக்கம் பொறுத்துக்கொண்டால் அதற்குப் பின் கீழே வைக்க மாட்டீர்கள். எத்தனை கடல் தாண்டினாலும் மனம் மதுரைத் தெருக்களிலேயே சுற்றுவதை இதில் படிக்கும்போது, வெளியூர்த் தமிழன் யாருக்கும் தொண்டை அடைக்கும்.

மொய்க்கு ஒரு ரூபாய்

மொய் எழுதும்போது நூறோடு ஒரு ரூபாய் சேர்ப்பது நம் வழக்கம். அந்த ஒரு ரூபாயாக, பதினோராவது புத்தகம் ஒன்று சேர்க்கிறேன். மாஸ்தி வெங்கடேச ஐயங்காரின் "சிக்கவீர ராஜேந்திரன்".

மாஸ்தி 1891-ல் கோலார் மாவட்டத்தில் பிறந்தவர். வீட்டு மொழி தமிழ். எழுதியது கன்னடம். கன்னட மக்கள் அவரை "மாஸ்தி கன்னடத்தின் ஆஸ்தி" என்று கொண்டாடுகிறார்கள். குடகின் கடைசி ராஜாவை 1834-ல் ஆங்கிலேயர் பதவி நீக்கிய கதைதான் இந்த நாவல். இதற்காகவே 1983-ஆம் ஆண்டின் ஞானபீடப் பரிசு கிடைத்தது. தமிழிலும் மொழிபெயர்ப்பு இருக்கிறது. பிள்ளைகள் கன்னடப் பள்ளியில் படித்தால், அவர்கள் கன்னடத்தில் படிக்கட்டும், நீங்கள் தமிழில் படியுங்கள். இரவுச் சாப்பாட்டின்போது கதையை ஒப்பிட்டுப் பேசலாம்.

சோறு போடும் மண்ணின் மொழியைப் படிப்பது தமிழுக்குக் குறைவாகி விடாது. அல்சூர் ஏரிக்கரையில் பதினெட்டு ஆண்டுகள் துணி சுற்றி நின்ற திருவள்ளுவர் சிலை 2009 ஆகஸ்டில் திறக்கப்பட்டது. அதே மாதம் சென்னை அயனாவரத்தில் கன்னடக் கவிஞர் சர்வக்ஞர் சிலையும் திறக்கப்பட்டது. சிலைகளைத் திறக்க அரசாங்கங்கள் வேண்டியிருந்தன. புத்தகத்தைத் திறக்க யாருடைய உத்தரவும் வேண்டாம்.

எப்படிப் படிப்பது?

பதினொன்றையும் ஒரே மாதத்தில் வாங்கச் சொல்லவில்லை. சம்பள நாளில் ஒன்று என்று வைத்துக் கொண்டால், ஓர் ஆண்டுக்குள் அலமாரி நிறைந்து விடும். காசு முடையானவர்களுக்கு 1950-ல் தொடங்கிய பெங்களூர்த் தமிழ்ச் சங்கத்தின் நூலகம் அல்சூரில் இருக்கிறது. செல்போனில் படிக்க விரும்பினால் மதுரைத் திட்டம், தமிழ் இணையக் கல்விக்கழகம் ஆகியவற்றின் தளங்களில் பழைய நூல்கள் பல இலவசமாகவே கிடைக்கின்றன.

முதலில் "கருக்கு" அல்லது "கப்பலோட்டிய தமிழன்" எடுங்கள். பிறகு அசோகமித்திரன். "என் சரித்திரம்" மழைக் காலத்துக்கு வைத்துக் கொள்ளுங்கள். "சோழர்கள்" கடைசியில் போதும்.

தமிழ் படிக்கத் தெரியாத பிள்ளைகள் உள்ள வீடுகளுக்கு ஒரு யோசனை. அவர்களைப் படி படி என்று நச்சரிக்க வேண்டாம். ராத்திரி கால் மணி நேரம் டெலிவிஷனை அணைத்து விட்டு, பெரியவர் ஒருவர் உரக்கப் படிக்கட்டும். படிக்கும் வரியின் மேல் விரலை வைத்துக் கொண்டு போகட்டும். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பிள்ளையின் கண் தானாக அந்த விரலைப் பின்தொடரும். கதை முக்கியமான கட்டத்துக்கு வரும்போது, "தூக்கம் வருகிறது, மீதி நாளைக்கு" என்று புத்தகத்தை அங்கேயே திறந்து வைத்து விட்டுப் போய் விடுங்கள்.

அடுத்து என்ன ஆயிற்று என்று தெரியாமல் பிள்ளைக்குத் தூக்கம் வராது. தானே எழுத்துக் கூட்ட ஆரம்பிக்கும்.